பிரேக் இல்லாத பிராணி

மதிப்பிற்குரிய மாமா அவர்களுக்கு,

உங்கள் மருமகள் பணிவுடன் எழுதுவது. இங்கே அப்பா, அம்மா, நான் மூவரும் நலம். லேப்டாப்புகள் இரண்டும் நலம். அங்கே நீங்கள் நலமாக இருப்பீர்கள் என்றும், அத்தையின் முழங்கால் வலி குறைந்திருக்கும் என்றும் நம்புகிறேன்.

நேற்று போனில், "உங்கப்பா உன் ஆபீஸ்ல போய் என்ன செஞ்சாரு? ஒழுங்கா சொல்லு" என்று கேட்டீர்கள். "ஒண்ணுமில்ல மாமா" என்றேன். "லேப்டாப்புல விளையாட்டாமே? வெளங்கிடும்!" என்றீர்கள். அதற்கும் "ஒண்ணுமில்ல மாமா" என்றேன். எனக்குப் பேச வராது என்பது உங்களுக்குத் தெரியாததா? கல்லூரியில் வருகைப் பதிவுக்கு "உள்ளேன்" என்று சொல்வதற்குள் பேராசிரியர் அடுத்த எண்ணுக்குப் போயிருப்பார். வகுப்பில் இருந்துகொண்டே வராதவள் ஆன ஒரே மாணவி நான்தான். எழுதும்போது யாரும் முகத்தைப் பார்ப்பதில்லை. அதனால் எழுதுகிறேன். அம்மா உங்களிடம் சொன்னது பாதிதான். மீதிப் பாதியையும் படித்துவிட்டு, அப்பாவைத் திட்டுவதா வேண்டாமா என்று முடிவு செய்யுங்கள்.

ஒரு மழை நாளில் வீட்டில் உட்கார்ந்து ஆபீஸ் லேப்டாப்பில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். வாடிக்கையாளர்கள் எழுதி அனுப்பும் முகவரிகள் சரியா என்று பார்க்கிற வேலை. பாதியில் நெட் போய்விட்டது. நெட் போனால் திரையில் ஒரு சின்னப் பிராணி வந்து நிற்கும், பார்த்திருப்பீர்கள். அந்தக் காலத்து டைனோசர், கறுப்பு வெள்ளையில், கட்டம் கட்டமாக. அப்பா ஒரு பயிற்சி வகுப்பு முடித்து, அடுத்த ஆள் வருவதற்குள் முகம் கழுவ வீட்டுக்கு வந்திருந்தார். டிரைவிங் ஸ்கூலில் கற்றுக்கொடுத்துக் கற்றுக்கொடுத்து அவர் கால் எப்படி ஆகிவிட்டது என்று உங்களுக்குத் தெரியும். சாப்பிட உட்கார்ந்தாலும் நாற்காலிக்குக் கீழே இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டேதான் இருக்கும். துண்டால் முகத்தைத் துடைத்தபடி எட்டிப் பார்த்தார்.

"யாரும்மா இது?"

"யாருமில்லப்பா. நெட் இல்லன்னா இது வந்து நிக்கும்."

"எதுக்கு நிக்குது?"

எனக்குத் தெரியவில்லை, மாமா. இத்தனை வருடம் பார்க்கிறேன், எதற்கு நிற்கிறது என்று ஒரு நாளும் யோசித்ததில்லை. திரையில் தூசி என்று நினைத்து அப்பா துண்டால் ஒரு தட்டு தட்டினார். துண்டின் நுனி, வார்த்தைக்கு வார்த்தை இடைவெளி விட நாம் தட்டுகிற நீளமான கட்டையில் பட்டது. பிராணி ஒரு குதி குதித்து ஓட ஆரம்பித்தது. நாங்கள் இருவரும் பின்னால் நகர்ந்தோம். அது ஓடி, ஒரு முள்செடியில் மோதி, கண்ணைப் பிதுக்கிக்கொண்டு நின்றது. அதற்கு முன்பே அப்பாவின் கால் தரையை மிதித்துவிட்டது.

"ஏய், இதுக்கு பிரேக் எங்க இருக்கு?"

"பிரேக் கிடையாதுப்பா. குதிக்கலாம், குனியலாம். அவ்வளவுதான் போல."

"பிரேக் இல்லாத வண்டிய யாரு ரோட்டுல விட்டது?"

அன்றிலிருந்து வீடு தலைகீழாகிவிட்டது. முன்பெல்லாம் நெட் போனால் அப்பா கேபிள்காரரின் பரம்பரையையே இழுப்பார். இப்போது மாலையில் செருப்பைக் கழற்றும்போதே, "நெட் போச்சா?" என்று ஆசையாகக் கேட்பார். இருக்கிறது என்றால் முகம் வாடிவிடும். வைஃபையை அணைத்தால் போதும் என்று சொல்லிக் கொடுத்தேன். அதுதான் நான் செய்தது. ஒற்றை விரலால் ஓட்டுவார். கற்றுக்கொள்ள வருகிறவர்களிடம் "கண்ணு எங்க இருக்கு? கண்ணாடியிலயா, காதலியிலயா?" என்று எரிந்து விழுகிறவர், அந்தப் பிராணியிடம் மட்டும், "பதறாத கண்ணு, பறவை வருது, குனிஞ்சுக்கோ, அவ்வளவுதான், சபாஷ்" என்று கொஞ்சுவார். கொஞ்ச தூரம் போனால் திரை கறுத்து இரவாகிவிடும். "லைட்டப் போடு, லைட்டப் போடு!" என்று கத்துவார். அம்மா சமையலறையில் லைட்டைப் போடுவாள்.

ஆனால் அவரைப் பிடித்து ஆட்டியது விளையாட்டு இல்லை, மாமா. கேள்விகள். "இது எங்க போகுது? ரோடு எங்க முடியுது? ஏன் இது மட்டும் தனியா ஓடுது? இவ்வளவு நல்லா செஞ்சவன் எதுக்கு ஒளிச்சு வெச்சான்? கடைய மூடிட்டுப் போறவன் எவனாவது ஷட்டருக்கு வெளியில ஒரு பொம்மைய வெச்சிட்டுப் போவானா?" என்று கேட்டுக்கொண்டே இருப்பார். எனக்கும் அந்தக் கேள்விகள் தொற்றிக்கொண்டன. முகவரி சரிபார்க்கும்போதுகூட, இந்தத் தெருவுக்கு அப்புறம் என்ன இருக்கும் என்று யோசிக்க ஆரம்பித்தேன்.

இப்படி இருக்கையில் ஒரு நாள் மாலை அப்பா கட்டையைத் தட்டினார், பிராணி அசையவில்லை. பலமாகத் தட்டினார். நின்றது நின்றபடி. கீழே ஒரு வரி: இந்தச் சாதனத்தை நிர்வகிப்பவர் இதை முடக்கியிருக்கிறார். நான்தான் படித்துக் காட்டினேன். படித்திருக்கக் கூடாது.

"நிர்வகிக்கிறவர்னா?"

"எங்க ஆபீஸ்ப்பா."

அப்பா துண்டைத் தோளிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். "அப்ப நான் மோதினதெல்லாம் அவங்களுக்குத் தெரிஞ்சிருக்குமா?"

"அதெல்லாம் தெரியாதுப்பா" என்றேன். என் குரல் எப்படி வரும் என்று தெரியுமே. நான் சொன்ன 'தெரியாது' அவர் காதில் 'தெரியும், ஆனால் எப்படிச் சொல்வது' என்று விழுந்திருக்கிறது. அந்த வாரம்தான் என் தகுதிகாண் காலம் முடிகிறது. வேலையில் வைத்துக்கொள்வதா, நன்றி சொல்லி அனுப்புவதா என்று மேலாளர் மேடம் வெள்ளிக்கிழமை முடிவு செய்வார். நம் வீட்டில் முதல் டிகிரி, முதல் மாதச் சம்பளம், முதல் அடையாள அட்டை. அந்த அட்டையை அப்பா ஞாயிற்றுக்கிழமைகளில் தன் கழுத்தில் மாட்டிப் பார்ப்பது எனக்குத் தெரியும். அவ்வளவும் தன் ஒற்றை விரலால் போய்விட்டது என்று அவர் நினைத்துவிட்டார். அம்மாவும், "பொண்ணு வேலைக்கு உலை வெச்சிட்டீங்களே" என்று ஒரு வார்த்தை விட்டாள். உடனே உங்களுக்கு போன் செய்தாள்.

மாமா, இங்கே டிரைவிங் ஸ்கூல் முறை ஒன்றை உங்களுக்குச் சொல்ல வேண்டும். அந்தக் காரில் பக்கத்து சீட்டிலும் ஒரு பிரேக் உண்டு. அதனால் கற்றுக்கொள்கிறவர் எதில் இடித்தாலும், கற்றுக்கொடுக்கிறவர்தான் இறங்கிப் போய், "தப்பு என்னுது" என்று சொல்ல வேண்டும். இப்படி அப்பா ஒரு பால்கடைப் பலகையிடமும், ஒரு போலீஸ்காரரின் சைக்கிளிடமும், ஒரு முறை சும்மா நின்றுகொண்டிருந்த ஆம்புலன்ஸிடமும் மன்னிப்புக் கேட்டிருக்கிறார். ஆம்புலன்ஸுக்குள் இருந்தவரே எழுந்து உட்கார்ந்து "பரவால்ல சார்" என்றாராம்.

மறுநாள் காலை நான் ஆபீசில் இருந்தேன். வாசல் காவலர் என் மேஜைக்கு வந்து, "உங்க அப்பா வந்திருக்காரு. ஏதோ மோதல் கேஸாம்" என்றார். ஓடினேன். அப்பா இஸ்திரி போட்ட யூனிபாரத்தில், சட்டைப் பையில் டிரைவிங் ஸ்கூல் பேட்ஜோடு, ஹெல்மெட்டை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். "நீ பேசாத, நான் பாத்துக்கறேன்" என்றார். நான் என்றைக்குப் பேசியிருக்கிறேன்?

நேராகக் கணினிப் பிரிவுக்குப் போய்விட்டார். அங்கே ஒரே ஒருவர்தான். அவரை எல்லோரும் டிக்கெட் சார் என்பார்கள். எதைக் கேட்டாலும், "முதல்ல டிக்கெட் போடுங்க", அதாவது கோரிக்கையைக் கணினியில் எழுதிப் பதிவு செய்யுங்கள் என்பார். அந்த ஆபீசிலேயே எனக்குப் பிடித்த மனிதர் அவர்தான். பேசவே வேண்டாம்.

"சார், பொண்ணு மேல எந்தத் தப்பும் இல்ல. ஓட்டினது நான். மோதினது எல்லாமே நான். அவ பக்கத்துல உக்காந்திருந்தா, அவ்வளவுதான்."

டிக்கெட் சார் கண்ணாடியைக் கழற்றினார். "எதுல மோதினீங்க?"

"முள்செடியில சார். ரெண்டு மூணு தடவ பறவையில."

"ஆபீஸ் லேப்டாப்போடயா?" அவர் எழுந்து என் மேஜைக்கு வந்து லேப்டாப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "எங்கயும் அடிபட்ட மாதிரி தெரியலையே."

நான் விளக்கியிருக்க வேண்டும். வாயைத் திறந்தேன், காற்று வந்தது. அப்பாதான் பிராணியைப் பற்றி ஆதியோடந்தமாகச் சொன்னார். டிக்கெட் சார் முகத்தில் கோபம் வரவில்லை. வேறு ஏதோ வந்தது. "அந்தப் பொம்மையா? அது ஓடுமா? நான் வெறும் படம்னுல்ல நெனச்சேன்! நான் அத நிறுத்தலீங்க. போன வாரம் மேலிடத்துல இருந்து கட்டுப்பாடுகள்னு ஒண்ணு அனுப்பினாங்க. படிக்கப் பொறுமையில்லாம எல்லாத்துக்கும் டிக் போட்டேன். அதுல இதுவும் போயிருக்கு."

"குதிக்கும் சார்!" என்றார் அப்பா. "இருட்டினா இன்னும் வேகமாப் போகும்!"

"ஒரு நிமிஷம் இருங்க" என்று டிக்கெட் சார் தன் கணினியில் அந்த டிக்கை எடுத்தார். நெட் இருந்தால் பிராணி வராது அல்லவா? அதனால் சுவரோரம் இருந்த பெட்டியைத் திறந்து ஒரு கேபிளைப் பிடுங்கினார். அது அந்த மாடி முழுவதற்குமான கேபிள்.

எல்லா மேஜையிலும் ஒரே நேரத்தில் பிராணி வந்து நின்றது. அதைப் பார்த்து எல்லோரும் எழுந்து நின்றார்கள். டிக்கெட் சார் என் லேப்டாப்பின் கட்டையைத் தட்டினார். அசையவில்லை, அதே முடக்கிய வரி. கேபிளைச் செருகினார். நெட் வந்தது, பிராணி மறைந்தது. உடனே பிடுங்கினார். பிராணி வந்தது, ஓடவில்லை. செருகினார். பிடுங்கினார். "டிக்க எடுத்துட்டேனே, எடுத்துட்டேனே" என்று புலம்பினார். "பேட்டரி வீக்கா இருக்குமோ?" என்றார் அப்பா.

எங்கே சிக்கல் என்று எனக்கு முதல் தடவையே தெரிந்துவிட்டது, மாமா. தொண்டையில் அந்த வாக்கியம் பிழையில்லாமல், முற்றுப்புள்ளியோடு, தயாராக உட்கார்ந்திருந்தது. இறங்கத்தான் மறுத்தது.

கதவு திறந்து மேலாளர் மேடம் வந்தார். "நெட்ட யாரு எடுத்தது?"

டிக்கெட் சார் கையில் கேபிளோடு சிலையாக நின்றார். அப்பா ஹெல்மெட்டைக் கீழே வைத்துவிட்டு ஓர் அடி முன்னால் போனார். "தப்பு என்னுது மேடம்" என்றார். பழக்கம்.

"இல்ல!" என்று ஒரு குரல் கேட்டது. யார் என்று திரும்பிப் பார்த்தேன். எல்லோரும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அப்பா மேல தப்பில்ல மேடம். சார், நீங்க கேபிளச் செருகுங்க. செருகிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே விடுங்க. டிக்க எடுத்துட்டீங்கங்கற சேதியே நெட் வழியாத்தான் லேப்டாப்புக்கு வரணும். அது வர்றதுக்குள்ள நீங்க பிடுங்கிடறீங்க. வந்து சேர்ந்ததும் என் லேப்டாப்புல வைஃபைய மட்டும் அணைச்சாப் போதும். மொத்த மாடியையும் அணைக்க வேண்டாம்."

டிக்கெட் சார் என்னையே பார்த்தார். "இத முதல்லயே சொல்லக் கூடாதாம்மா?"

"டிக்கெட் போடலாம்னு நெனச்சேன் சார்."

யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லோரும் சிரித்தார்கள். கேபிளைச் செருகினோம், காத்திருந்தோம், வைஃபையை அணைத்தோம். அப்பா கட்டையைத் தொட்டார். பிராணி ஓடியது. மாடி மொத்தமும் என் மேஜையைச் சுற்றி நின்றது. "கடைசியில என்னதான் இருக்கு?" என்று டிக்கெட் சார் அப்பாவின் காதில் கேட்டார். "அதத்தான் சார் நானும் இத்தன நாளாக் கேக்கறேன்." "குனிங்க, பறவை!" என்று ஒரு கத்தல். மேடம்தான். அப்பா முள்செடியில் மோதினார். மோதும்போது மேடத்தின் காலும் தரையை ஒரு மிதி மிதித்ததை நான் பார்த்தேன்.

பிறகு மேடம் என்னை அறைக்குள் கூப்பிட்டார். "வேலையில குறை இல்ல. ஆனா ஆறு மாசமா நீங்க இருக்கீங்களா இல்லையான்னே தெரியல. அனுப்பிடலாம்னுதான் இருந்தேன். இவ்வளவு தெளிவாப் பேசறவங்க எங்க ஒளிஞ்சிருந்தீங்க?" என்றார். வேலை நிரந்தரம், மாமா. ஆனால் கூடவே, "திங்கள்கிழமை புதுசா எட்டுப் பேர் வர்றாங்க. பக்கத்துல உக்காந்து நீங்கதான் சொல்லிக் குடுக்கணும்" என்றும் சொல்லிவிட்டார். எட்டுப் பேர்! பைக்கில் அப்பாவின் பின்னால் உட்கார்ந்து வரும்போதும் அதையே சொல்லிப் புலம்பினேன். அப்பா திரும்பாமலே சொன்னார்: "அவங்க எங்கயாவது இடிச்சா நீ இறங்கிப் போய் தப்பு என்னுதுன்னு சொல்லு. வேற ஒண்ணும் இல்ல இந்த வேலையில."

டிக்கெட் சார் அந்த டிக்கை மறுபடி போட்டுவிட்டார், மேலிட உத்தரவு. அதனால் பீரோவின் மேலே கிடந்த உங்கள் பழைய லேப்டாப்பை இறக்கியிருக்கிறோம். கல்லூரியில் சேர்ந்தபோது, "இது படிக்கறதுக்கு மட்டும்தான். விளையாட்டுக் கிளையாட்டுன்னு எதையும் தொடக் கூடாது" என்று சொல்லி நீங்கள் கொடுத்தது. நான் அதில் பாடம் தவிர எதையும் திறந்ததில்லை. பேட்டரி செத்துவிட்டது, வயரில் ஓடும். எழுத்துக் கட்டைகள் எல்லாம் புதிது போல இருக்கின்றன. அந்த நீளக் கட்டை மட்டும் நடுவில் பள்ளம் விழுந்து ஒரு பக்கம் சாய்ந்திருக்கிறது, நீங்கள் கொடுத்த நாளிலிருந்தே. "என் தம்பி எவ்வளவு டைப் அடிச்சு உழைச்சிருக்கான் பாரு" என்று அம்மா அதைத் தடவிக் கண் கலங்கினாள். பஞ்சால் துடைத்து, அடியில் காகிதம் மடித்து வைத்துச் சரி செய்துவிட்டேன். ஆனாலும் உங்கள் சொல்லை மீறி அதில் பிராணியைக் கூப்பிட அப்பாவுக்கு மனம் வரவில்லை. நீங்கள் சரி என்றால்தான் தொடுவோம். ரோடு எங்கே முடிகிறது என்று பார்த்துவிட்டு நிறுத்திக்கொள்வாராம். தயவுசெய்து அவரைத் திட்டாதீர்கள்.

அத்தைக்கு என் அன்பு. திங்கள்கிழமைக்கு உங்கள் இருவரின் ஆசியும் வேண்டும்; எட்டுப் பேருக்கும் சேர்த்து அனுப்பவும்.

என்றும் பணிவுள்ள,
உங்கள் மருமகள்

பின்குறிப்பு: மேலே 'நீங்கள் சரி என்றால்தான் தொடுவோம்' என்று எழுதியதை அடித்துவிட்டுப் படிக்கவும். நான் உறை தேடுவதற்குள் அப்பா தொட்டுவிட்டார். பிராணி ஓடியது. ஆனால் மேல் மூலையில் ஏற்கெனவே ஓர் எண் இருந்தது. அந்த லேப்டாப்பில் இதுவரை ஓடியதிலேயே அதிக தூரம். அப்பா ஆயுளுக்கும் எட்டாத தூரம். அப்பா என்னைப் பார்த்தார். நான் அம்மாவைப் பார்த்தேன். அம்மா அந்தப் பள்ளம் விழுந்த கட்டையைப் பார்த்தாள். உடனே போனை எடுத்தவளை நான்தான் தடுத்து வைத்திருக்கிறேன். எவ்வளவு நேரம் முடியும் என்று தெரியாது. அப்பாவுக்குக் கொஞ்சமும் கோபம் இல்லை. "மச்சான் அவ்வளவு தூரம் போயிருக்காருன்னா, அதுக்கு மேல என்ன வருதுன்னு அவருக்குத் தெரியும். ஞாயித்துக்கிழமை வரச் சொல்லு" என்கிறார். பக்கத்து நாற்காலியைத் துடைத்துப் போட்டாயிற்று. நீங்கள் எதில் மோதினாலும் தப்பு அப்பாவுடையதாம்.