செவலை கட்டிய கறுப்புக் கயிறு

ஒரு காட்டில், யானை முதல் எறும்பு வரை எல்லோருக்கும் வைத்தியம் தெரிந்த ஒரு காட்டில், செவலை என்ற நாட்டு நாய் இருந்தது. வனத்துறை விடுதியின் அல்சேஷன் மூலம் அதற்கு ஒரு குட்டி. நிஜப் புலி குடியிருக்கும் காட்டிலேயே அதற்கு டைகர் என்று பெயர் வைத்தது. பெருமை அப்படி!

"கலப்புக்கு நோயே வராதுடி" என்றது பக்கத்துப் புதர் நரி. செவலை மண்டையை ஆட்டிவிட்டு, யாரும் பார்க்காத நேரமாகக் குட்டியைக் கொக்கு டாக்டரிடம் தூக்கிக்கொண்டு ஓடியது. கண் திறந்த கொஞ்ச நாளில் பூச்சி மருந்து, பால் மறந்ததும் தடுப்பூசி, அப்புறம் வெறிநோய் ஊசி. "வளர்ந்தப்புறமும் வருஷா வருஷம் போடணும்மா" என்றார் டாக்டர்.

மழைக்காலத்தில் ரத்தக் கழிச்சல் வந்து காட்டுக் குட்டிகளை வாரிக்கொண்டு போனது. டைகர் மட்டும் துள்ளித் திரிந்தது. "என்னடி கொடுத்தே?" என்று எல்லோரும் செவலையைச் சூழ்ந்துகொண்டார்கள். ஊசி, பூச்சி மருந்து என்று சொன்னால், "அல்சேஷன் வாரிசு வயித்துல புழுவா?" என்று சிரிப்பார்களே! நாளைக்கு எவள் பெண் கொடுப்பாள்? செவலைக்கு மானம் பெரிதாகிவிட்டது. திருஷ்டிக்காகக் குட்டியின் கழுத்தில் கட்டியிருந்த கறுப்புக் கயிற்றைக் காட்டி, "எல்லாம் இதுதான்" என்றது.

அன்றிலிருந்து முயலுக்கும் கயிறு, முதலைக்கும் கயிறு. படித்த ஆந்தைகூட இரண்டு கட்டிக்கொண்டது. கொக்கு டாக்டர் ஈ ஓட்டினார்.

டைகர் வளர்ந்து ஆளானது. ஊசிக்குக் கூப்பிட்டால் பல்லைக் காட்டியது.

"கயிறுதான் காப்பாத்திச்சுன்னு நீதானம்மா ஊர் பூரா சொன்னே?"

"அது ஊருக்குச் சொன்னதுடா!"

"நான் ஊர்ல இல்லையா?" என்று போயே விட்டது.

ஒருநாள் அதே நரி, கழுத்தில் புதுக் கயிறோடு, வெறிபிடித்து வந்து டைகரைக் கடித்தது. டாக்டரிடம் வாடா என்று செவலை காலைப் பிடித்துக் கெஞ்சியது. டைகர் கடிவாயில் இன்னொரு கயிறு கட்டிக்கொண்டது. கடைசியில் நுரை தள்ளிச் செத்தது.

துக்கம் கேட்க வந்தவர்களிடம் செவலை கதறியது. "கயிறு இல்லடி, ஊசிதான் இவனைக் காப்பாத்தி வச்சிருந்துச்சு. நான்தான் பொய் சொல்லிட்டேன். உங்க பிள்ளைங்களையாவது டாக்டர்கிட்ட தூக்கிட்டுப் போங்க!"

"பாவம், பெத்த வயிறு. என்ன பேசறோம்னே தெரியல" என்றது முயல். எல்லோரும் சேர்ந்து அமுக்கிப் பிடித்து, செவலையின் கழுத்தில் கெட்டியாக ஒரு கயிற்றைக் கட்டிவிட்டார்கள்.

நீதி: பொய்யை ஒருதரம் கட்டிவிட்டால் ஆயுசுக்கும் தாங்கும்; உண்மைக்குத்தான் வருஷா வருஷம் ஊசி போட வேண்டும். ஆகவே, சிக்கனமானவர்கள் பொய்யே சொல்லவும்.