கிலோ சாவு

எனக்கு ஜார்ஜிய மொழியில் மூன்று சொற்கள் தெரியும். அந்த மூன்றை வைத்துக்கொண்டு, ஏழாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் சௌக்கியமாக இருந்த ஓர் அம்மாவை ஒரு சனிக்கிழமை சாயந்திரம் நான் சாகடித்திருக்கிறேன். சும்மா இல்லை, முறைப்படி. மௌன அஞ்சலி நடந்தது, மாலை வந்தது, எங்கள் ஊரான கிள்ளானில் இருபத்திரண்டு பேர் மணிக்கட்டில் கறுப்பு டேப் சுற்றிக்கொண்டு பந்து விளையாடினார்கள்.

முதலில் அந்த மூன்று சொற்கள் எனக்கு எப்படி வந்தன என்று சொல்லிவிடுகிறேன். நான் ஜார்ஜியாவில் டாக்டருக்குப் படித்தவன். எட்டு மாதம். பிணத்தை அறுக்கும் வகுப்பு வந்த அன்று பிணம் அசையாமல்தான் கிடந்தது, நான்தான் விழுந்தேன். இரண்டாவது முறை விழுந்தபோது தலையில் நாலு தையல். மூட்டை கட்டிக்கொண்டு கிள்ளானுக்கே வந்துவிட்டேன். வகுப்பெல்லாம் ஆங்கிலத்தில், விடுதியெல்லாம் நம்ம ஆட்கள், ராத்திரி ரசம் சோறு. இதில் ஜார்ஜிய மொழி எங்கே நுழையும்? 'காமர்ஜோபா' என்றால் வணக்கம், 'மட்லோபா' என்றால் நன்றி, 'பூரி' என்றால் ரொட்டி. (சத்தியமாக பூரிதான். ஆனால் உப்பாது.)

அம்மாவுக்கு இது போதவில்லை. பையன் படிப்பை விட்டுவிட்டு வந்தான் என்று கோயிலில் எப்படிச் சொல்வது? அதனால், "டாக்டருக்குத்தான் படிக்கல, ஆனா அந்த ஊர் பாஷைய கரைச்சுக் குடிச்சிட்டு வந்திருக்கான்" என்று எல்லாரிடமும் சொல்லி வைத்தார். நானும் மறுக்கவில்லை. தெலுக் பங்லிமா காராங்கில் ஒரு தொழிற்சாலையில் அட்டைப்பெட்டி ஒட்டிக்கொண்டிருந்தவனுக்கு அந்த ஒரு பெருமைதான் மிச்சம்.

அது ராஜூ மாமா காதில் விழுந்ததுதான் வினை. அம்மாவின் தம்பி அவர். கிள்ளானில் ஒரு சின்ன காற்பந்துக் குழுவுக்கு மேனேஜரும் அவரே, கோச்சும் அவரே. நான் மாமா மாமா என்று கூப்பிடுவதைக் கேட்டுக் கேட்டு, குழுவிலிருந்த மலாய்க்காரப் பையன்கள், சீனப் பையன்கள் உட்பட எல்லாருக்கும் அவர் மாமாவாகிவிட்டார். அந்த வருஷம் ஒரு வெளிநாட்டு ஆட்டக்காரரைச் சேர்த்துக்கொள்ளலாம் என்று அனுமதி கிடைத்தது. யாரோ அனுப்பிய வீடியோவைப் பார்த்து, மாமா ஒரு ஜார்ஜிய தற்காப்பு ஆட்டக்காரரை வரவழைத்தார். பெயர் லாஷா.

"பேர்லயே லா இருக்குலா, நம்ம ஊர் ஆளுதான்" என்றார், எங்கள் ஊர் வழக்கப்படி பேச்சுக்குப் பேச்சு 'லா' போடும் மாமா.

லாஷாவுக்கு முப்பத்து நாலு வயது. ஆறு நாடுகளில் ஒன்பது குழுக்களுக்கு ஆடியவர். போனில் உலக வரைபடத்தை விரித்து, விரலால் தொட்டுத் தொட்டுக் காட்டினார். இங்கே குழுவை மூடிவிட்டார்கள், இங்கே முட்டி போனது, இங்கே கோச் போனார், இங்கே குளிர். எங்கேயும் அவரைத் தலையில் தூக்கி வைத்து ஆடியதில்லை, எங்கேயும் அடித்து விரட்டியதுமில்லை. பத்தாவது குழு நாங்கள். ஒரே ஒரு சோதனை ஆட்டம். தேறினால் ஒப்பந்தம், தேறாவிட்டால் திங்கட்கிழமை விமானம். "லாஸ்ட் கிளப்," என்று முட்டியைத் தட்டிச் சொன்னார். அவர் தேறினால் எனக்கும் சீசன் முழுக்க மொழிபெயர்ப்பாளர் வேலை. பெட்டிக்கும் பசைக்கும் அன்றோடு கும்பிடு.

மூன்று நாள் அவரோடு சுற்றினேன். அவருக்குத் தெரிந்த அரைகுறை ஆங்கிலத்தில் வண்டி ஓடியது. மாமா பக்கத்தில் இருக்கும்போது மட்டும் நடுவே ஒரு 'மட்லோபா' போட்டுக்கொள்வேன். ஒரே ஒரு விஷயம்தான் புரியவில்லை. "வொய்ஃப், வொய்ஃப்" என்று சொல்லி, வயிற்றை வட்டமாகத் தடவிக் காட்டுவார். பாவம், மனைவி கைச் சாப்பாட்டுக்கு ஏங்குகிறார் என்று தமிழ்க் கடைகள் நிறைந்த பிரிக்பீல்ட்ஸ் வரை கூட்டிக்கொண்டு போய் பூரி வாங்கிக் கொடுத்தேன். நாலு தடவை தடவினார். நாலு தடவையும் பூரி.

சனிக்கிழமை ஐந்து மணிக்கு ஆட்டம். எதிரணி பண்டமாரான் துறைமுகத்து ஆட்கள். அவர்களின் முன்வரிசையில் செல்வம் என்று ஒரு லோரி டிரைவர். அவர் பந்தோடு வந்தால் லோரியோடு வருகிற மாதிரியே இருக்கும். லாஷா திடலில் உடம்பைச் சூடேற்றிக்கொண்டிருந்தார், அவருடைய போன் என் பையில் இருந்தது. அது அடித்தது. ஜார்ஜியா எண். எடுத்து, கம்பீரமாக "காமர்ஜோபா" என்றேன்.

ஒரு பெண் அழுதாள். பின்னால் இன்னும் நாலைந்து பேர் கத்துகிறார்கள். கரகரவென்ற அந்த இணைப்பில் எனக்கு இரண்டே சொற்கள்தான் தெளிவாகக் கேட்டன. "மாமா! மாமா!" என்றாள். அப்புறம், "கிலோ... சாவ்! கிலோ... சாவ்!"

இணைப்பு அறுந்தது. தமிழ்நாட்டில் கேட்டாலும் தைப்பிங்கில் கேட்டாலும் சாவு சாவுதானே? ஓடினேன்.

"மாமா, மாமா செத்துட்டாரு!"

"எந்த மாமாடா? நான் இங்கதான நிக்கிறேன்?"

"லாஷாவோட மாமா. இப்பதான் போன் வந்துச்சு. சாவுன்னு சொல்லி ஒரே அழுகை."

திடலோரத்தில் பலகாரக் கடை வைத்திருந்த புஷ்பா அக்கா குறுக்கே வந்தார். "தம்பி, வெள்ளைக்காரங்களுக்கு மாமான்னா அம்மாலா. பெத்த தாய் போயிட்டாங்க போல."

மாமா நெஞ்சில் கை வைத்தார். "சரியா கேட்டியாடா? வேற என்ன சொன்னாங்க?"

"கிலோன்னாங்க மாமா."

"சாவுல கிலோ எங்கடா வந்துச்சு?"

"அது வந்து... ரொம்பப் பெரிய இழப்புன்னு சொல்ற மாதிரி, மாமா." (இதைச் சொன்ன வாயை நான் இன்னும் கழுவிக்கொண்டிருக்கிறேன்.)

இனி என்ன செய்வது? இதில் நம்ம ஆட்களுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. சாவுச் செய்தியை யாரிடமும் நேராகச் சொல்லிவிடக் கூடாது. "கொஞ்சம் சீரியஸா இருக்காங்க, கிளம்பி வா" என்றுதான் சொல்ல வேண்டும். அதையும் கையில் இருக்கிற வேலை முடிந்த பிறகுதான். ஆட்டம் முடியட்டும், அப்புறம் உட்கார வைத்துப் பக்குவமாகச் சொல்லலாம் என்று மாமா முடிவு செய்தார். இன்னொரு முறை போன் அடித்து அவர் கேட்டுவிடக் கூடாதே என்று, நான் மிகப் பொறுப்பாக போனை அணைத்துப் பைக்குள் போட்டேன்.

பத்து நிமிடத்தில் லாஷாவைத் தவிர திடலில் எல்லாருக்கும் விஷயம் தெரிந்துவிட்டது. செல்வம் தன் லோரியிலிருந்து கறுப்பு டேப் எடுத்து வந்தார், இரண்டு அணிகளும் மணிக்கட்டில் சுற்றிக்கொண்டன. லாஷாவுக்கும் ஒன்று சுற்றினேன். "வாட்?" என்றார். "கஸ்டம்" என்றேன். நடுவர் விசில் ஊதி ஒரு நிமிடம் மௌனம் என்றார். "ஹூ?" என்று லாஷா என் காதில் கேட்டார். "ஓல்டு பிளேயர்" என்றேன். நல்ல மனிதர், முகம் தெரியாத அந்த ஆட்டக்காரருக்காகத் தலை குனிந்து மூன்று முறை சிலுவை போட்டுக்கொண்டார். அதைப் பார்த்து புஷ்பா அக்கா வாய்விட்டு அழுதார்.

ஆட்டம் தொடங்கியது. அப்படி ஒரு தற்காப்பை கிள்ளான் அதற்கு முன் பார்த்ததில்லை, இனியும் பார்க்காது. செல்வம் பந்தோடு பாய்ந்து வருவார், லாஷா எதிரே வந்ததும் முகம் வாடி நின்றுவிடுவார். பந்து தானாக லாஷா காலுக்குப் போகும். "சாரி பிரதர்" என்று தோளைத் தட்டிவிட்டுத் திரும்புவார். கார்னருக்கு வந்தவர்கள் லாஷா குதித்தபோது தாங்கள் குதிக்கவில்லை. தாயில்லாப் பிள்ளையை இடிக்க யாருக்கு மனசு வரும்? ஒரு கட்டத்தில் லாஷா தன் கால்களையே குனிந்து சந்தேகமாகப் பார்த்தார்.

மாமாவுக்கு மட்டும் இதெல்லாம் கண்ணில் படவில்லை. "பார்த்தியாடா, ஒரு பய தாண்டல! ஒப்பந்தத்த இன்னைக்கே போட்டுறலாம்" என்று கண்ணைத் துடைத்தார். இன்னொரு பக்கம், லாஷாவை அவசரமாக ஊருக்கு அனுப்ப விமான டிக்கெட் இருக்கிறதா என்று பிரிக்பீல்ட்ஸ் ஏஜெண்டுக்கு போன் போட்டார். மாலைக்கும் சொல்லிவிட்டார். பூக்கடைக்காரர் பட்டையில் எழுத இறந்தவர் பெயரைக் கேட்டிருக்கிறார். யாருக்குத் தெரியும்? ஆட்டம் முடியும் நேரத்தில் பெரிய ரோஜா மாலை ஒன்று வந்து இறங்கியது. பட்டையில் எழுதியிருந்தது: 'அன்னை மாமா அவர்களுக்குக் கண்ணீர் அஞ்சலி.'

ஆட்டம் முடிந்தது. லாஷாவை நாற்காலியில் உட்கார வைத்தோம். இரண்டு அணியும் சுற்றி நின்றது. புஷ்பா அக்கா மைலோ கலந்து கொடுத்தார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

"லாஷா," என்றேன். "யுவர் மாமா... லிட்டில் சீரியஸ்."

"மாமா?" அவர் முகம் சுருங்கியது. "மை மாமா டை. நைன் இயர்."

"செத்து ஒம்பது வருஷம் ஆச்சாம்டா," என்றார் ராஜூ மாமா மெதுவாக. "அப்ப இன்னைக்குச் செத்தது யாருடா?"

லாஷா எழுந்து என் தோளைப் பிடித்தார். "போன்? ஹூ கால்? வாட் வேர்ட்?"

"மாமா," என்றேன். "அண்ட்... கிலோ சாவ்."

அந்த மனிதரின் முகம் மாறியதை என்னால் மறக்க முடியாது. என் பையைப் பிடுங்கிக் கவிழ்த்தார். போனை உயிர்ப்பித்தார், வீடியோவில் அழைத்தார். திரையில் வெள்ளைத் துணி சுற்றிய ஒரு குழந்தை. அதைத் தூக்கிப் பிடித்தபடி, பூப்போட்ட தலைத்துணி கட்டிய ஓர் அம்மையார் பல் தெரியச் சிரித்தார்.

"தேதா!" என்று கத்தினார் லாஷா. போனை எங்கள் பக்கம் திருப்பினார். "மை மதர்!"

நாங்கள் அஞ்சலி செலுத்திய அம்மா எங்களுக்குக் கையசைத்தார். வேறு வழி தெரியாமல் இருபது பேர் கறுப்பு டேப் சுற்றிய கையைத் திருப்பி அசைத்தோம்.

லாஷா நெஞ்சில் அடித்துக்கொண்டு திடலைச் சுற்றி ஓடினார். "மாமா! ஐ மாமா! ஃபாதர்!" ஜார்ஜிய மொழியில் மாமா என்றால் அப்பாவாம். அம்மா என்பதற்கு தேதாவாம். கிலோத்சாவ் என்றால் வாழ்த்துகளாம். 'நீ அப்பாவாகிவிட்டாய், வாழ்த்துகள்' என்று போனில் அழுத அவருடைய கொழுந்தியாள் ஆனந்தக் கண்ணீர் விட்டதைத்தான் நான் பெற்ற தாய்க்குச் சங்கு ஊதியதாக மொழிபெயர்த்திருக்கிறேன். வயிற்றைத் தடவியது பூரிக்காக இல்லை என்பதும் அப்போதுதான் உறைத்தது. மூன்று நாளாகத் தனக்கு இருந்த குழப்பத்தை லாஷாவும் கேட்டுத் தெளிந்துகொண்டார். ராஜூ மாமாவுக்குப் பதினோரு மகன்கள், அதில் மூன்று பேர் மலாய்க்காரர், இரண்டு பேர் சீனர் என்று நினைத்திருந்தாராம்.

புஷ்பா அக்கா சமயம் பார்த்து மாலையிலிருந்த பட்டையைக் கிழித்துச் சுருட்டிவிட்டு, மாலையை அப்பாவானவர் கழுத்தில் போட்டார். தனக்கு வந்த மாலையைப் பார்த்து, திரையில் அந்த அம்மா கை தட்டினார்.

பிறகு லாஷா டேப்பைக் காட்டி, இது எதற்கு என்று கேட்டார். சொன்னோம். விழுந்து விழுந்து சிரித்தார், தரையிலேயே உட்கார்ந்து சிரித்தார். ஏன் ஆட்டத்துக்கு முன்பே சொல்லவில்லை என்றார். ஆட்டம் முடியட்டும் என்று பார்த்தோம் என்றேன். சிரிப்பு நின்றுவிட்டது.

"மை ஃபோர்த் கிளப், சேம்," என்றார். அப்பா இறந்த செய்தி காலையிலேயே வந்திருக்கிறது. ஆட்டம் இருக்கிறதே என்று மறைத்திருக்கிறார்கள். அன்றைக்கு ஜெயித்து, பஸ்ஸில் பாட்டுப் போட்டு ஆடியிருக்கிறார். அதன் பிறகுதான் சொன்னார்களாம். "ஐ டான்ஸ்," என்று மறுபடியும் சொன்னார். "நெக்ஸ்ட் டைம், டெல் ஃபர்ஸ்ட்."

எனக்கு வெட்கமாக இருந்தது. அன்றைக்குச் செய்த எல்லாக் கோமாளித்தனத்தையும்விட, அந்த போனை அணைத்து வைத்ததற்காகத்தான் அதிகம் வெட்கப்பட்டேன். இரண்டு மணி நேரம் அந்தக் குடும்பம் அவரைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறது. "சாரி" என்று மட்டும் சொன்னேன்.

குறுக்கே வந்தது செல்வம்தான். "அப்ப நான் வழிவிட்டதெல்லாம்? சும்மா வுட மாட்டேன்லா! இன்னும் இருபது நிமிஷம் ஆடணும்."

நியாயம்தானே? வெளிச்சம் இருந்தது, மறுபடியும் ஆடினார்கள். இந்த முறை செல்வம் லோரியாகவே வந்தார். மூன்று தடவை லாஷாவைத் தாண்டினார், ஒரு தடவை கால்களுக்கு நடுவிலேயே பந்தைத் தட்டிக்கொண்டு போனார். மாமா ஒப்பந்தத் தாளை மடித்துப் பைக்குள் வைத்தார். நான் மறுபடியும் பசை வாசனையை நுகர்ந்தேன். நாலாவது தடவை, லாஷா சறுக்கிக்கொண்டு போய் செல்வம் காலில் படாமல் பந்தை மட்டும் எடுத்தார். செல்வம் போன வேகத்தில் போய் ஓரத்துச் சாக்கடையில் விழுந்தார். ஒன்பது குழுக்களில் கற்றது அந்த ஒரு சறுக்கலில் இருந்தது. மாமா தாளை மறுபடி வெளியே எடுத்தார்.

ஆறு மாதத்துக்குக் கையெழுத்தானது. அது முடிந்ததும் லாஷா பதினோராவது குழுவுக்கு வேறு நாட்டுக்குப் போனார். எனக்கு அந்த வேலை கிடைக்கவில்லை. என் இடத்துக்கு மாமா ஒரு மொழிபெயர்ப்பு ஆப்பைத் தன் போனில் இறக்கிக்கொண்டார். அது இதுவரை யாரையும் சாகடிக்கவில்லை என்று பார்க்கும்போதெல்லாம் சொல்கிறார்.

அடுத்த வருஷம் அக்காவுக்குப் பிரசவம். பெட்டிக்குப் பசை தடவிக்கொண்டிருந்தபோது அத்தான் போன் செய்தார். பின்னால் ஒரே கூச்சல், அழுகை. "டேய், நீ மாமா ஆயிட்டடா!" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள், "எல்லாரும் உயிரோடதான் இருக்காங்க, நீ யாருக்கும் சொல்லிறாத" என்று வைத்துவிட்டார்.

அந்தக் குழந்தைக்கு இப்போது ஐந்து வயது. ராஜூ மாமா அவளுக்கு நன்றாகப் பாடம் எடுத்து வைத்திருக்கிறார். நான் அக்கா வீட்டு வாசலில் கால் வைத்ததும், "மாமா!" என்று கத்திக்கொண்டு ஓடி வருவாள். வந்ததும் சட்டென்று நின்று, தலை குனிந்து, கையைக் கட்டிக்கொள்வாள். நானும் செருப்போடு வாசலிலேயே நிற்க வேண்டும். அறுபது வரை எண்ணுவாள், நடுவில் ஏதாவது எண் விட்டுப்போனால் முதலிலிருந்து. எண்ணி முடித்ததும் கதவை அகலத் திறந்துவிட்டு, "சரி மாமா, இப்ப உயிரோட உள்ள வாங்க" என்பாள்.