முழங்காலுக்கு ஒரு தடை உத்தரவு

மாற்றல் உத்தரவு கைக்கு வந்த அன்றைக்கு ஹெட்கிளார்க் ஓரிடத்தில் உட்காரவில்லை. கூடத்துக்கும் சமையலறைக்கும் நடந்த நடையில் புது ஊருக்கே போய்ச் சேர்ந்திருக்கலாம். அது மலைமேல் இருக்கிற ஊர். பனி, அட்டைப்பூச்சி, அரை நாள் பஸ். அதையெல்லாம்கூடப் பொறுத்துக்கொள்வார். மேல்மாடி போஸ்ட்மாஸ்டர் வீட்டில் தினம் சாயங்காலம் நடக்கிற சீட்டாட்டம் அங்கே கிடையாதே, அதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை.

அந்தச் சீட்டாட்டத்தால் அவர் வீட்டம்மாவுக்குக் கல்யாணமான நாளாய்ச் சாயங்காலம் என்றாலே தனிமைதான். எனக்கும் கற்றுக்கொடுங்களேன் என்று ஒருமுறை கேட்டாள். அதுக்கெல்லாம் மூளை வேணும் என்று சொல்லிவிட்டுப் படியேறினார் மனுஷர். அவள் வாயே திறக்கவில்லை. பெண்டாட்டி வாயைத் திறக்காவிட்டால் புருஷன் கொஞ்சம் பயப்பட வேண்டாமோ?

மாற்றலை நிறுத்தக் கோர்ட்டுக்குப் போவதென்று இருவரும் வக்கீலிடம் போனார்கள். மாற்றல் என்பது உத்தியோகத்தோடு கூடப் பிறந்தது, கோர்ட்டு அதில் லேசில் கை வைக்காது, உடம்பு நிஜமாகவே மோசமென்றால் இரக்கம் காட்டலாம் என்றார் வக்கீல். என்ன வியாதி என்று கேட்டதும் ஹெட்கிளார்க் திருதிருவென்று முழித்தார். கல்லைத் தின்றாலும் செரிக்கிற உடம்பு அது. மழைக்காலத்தில் முழங்கால் கொஞ்சம் முனகும், அவ்வளவுதான்.

வீட்டம்மாதான் கைகொடுத்தாள். முழங்கால் தேய்ந்துவிட்டது, மாடிப்படியே ஏறக்கூடாது, மலையை எப்படி ஏறுவார் என்றாள். பொழுது சாய்ந்தால் தலை சுற்றுகிறது என்றாள். நாலு பேர் கூடிச் சத்தம் போட்டால் படபடப்பு என்றாள். வக்கீல் எழுத எழுத ஹெட்கிளார்க் பூரித்துப்போனார். பெண்டாட்டி என்றால் இவளல்லவா பெண்டாட்டி! எலும்பு டாக்டரும் படம் எடுத்துப் பார்த்து, தேய்மானம் இருக்கத்தான் இருக்கிறது என்று எழுதிக்கொடுத்தார்.

வழக்கு முடிகிறவரை மாற்றலை நிறுத்திவைத்தது கோர்ட்டு. அன்று சாயங்காலமே ஹெட்கிளார்க் தலையை வாரிக்கொண்டு செருப்பில் காலை நுழைத்தார்.

"எங்க கிளம்பிட்டீங்க?"

"மேலதான்."

"நீங்க மாடிப்படி ஏறக்கூடாதுங்க."

"அது கோர்ட்டுக்குச் சொன்னது."

"எதிர்வீட்டைக் கொஞ்சம் பாருங்க."

எதிர்வீட்டு வாசலில் ஒட்டடைக்கம்பு என்று எல்லாரும் கூப்பிடுகிறவன் உட்கார்ந்திருந்தான். ஹெட்கிளார்க் ஆபீசிலேயே குமாஸ்தா. ஆள் ஒல்லி, ஆசை பெரிசு. இவர் மலையேறினால் இவருடைய நாற்காலி அவனுக்கு. கையில் செல்போனைப் பிடித்துக்கொண்டு இந்த வீட்டு வெளிப்படிக்கட்டையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"நீங்க ஒரு படி ஏறினாப் போதும். படம் பிடிச்சுக் கோர்ட்டுல கொடுத்துடுவான். அப்புறம் மலைதான்."

ஹெட்கிளார்க் உட்கார்ந்தார், எழுந்தார், ஜன்னல்வரை போய்த் திரும்பினார். மேலே நாற்காலிகளை இழுக்கிற சத்தம் கேட்டது. அவருக்கு உள்ளங்கை அரித்தது.

"அவங்களைக் கீழ வரச் சொல்லேன்."

"நாலு பேர் கூடினா உங்களுக்குப் படபடப்பாச்சே. அவனுக்குக் காதும் இருக்கு."

"இது எத்தனை நாளைக்கு?"

"வக்கீலைக் கேட்டேன். நீங்க ரிடையர் ஆகிறவரைக்கும் இழுத்துடலாம், கவலையே படாதீங்கன்னார்."

ஹெட்கிளார்க்குக்கு அழுகையே வந்துவிட்டது. இருந்தாலும் மனசு மேல்மாடியை விட்டு இறங்க மாட்டேன் என்றது. "ஒரு கை குறையுமே, பாவம், ஆட்டத்துக்கு அவங்க என்ன பண்ணுவாங்க?"

வீட்டம்மா கண்ணாடி முன்னால் நின்று கொண்டையைச் சரிசெய்துகொண்டாள்.

"போஸ்ட்மாஸ்டர் சம்சாரம் ஒரு மாசமா மத்தியானத்துல எனக்குக் கத்துக்கொடுத்தாங்க. மூளையெல்லாம் ரொம்ப வேண்டியதில்லையாம்." செருப்பை மாட்டிக்கொண்டு முதல் படியில் காலை வைத்தவள் திரும்பிப் பார்த்தாள். "சாப்பாடு மூடி வச்சிருக்கேன். ஆமா, உங்க நாற்காலி எதுங்க, அந்த ஜன்னலோரமா?"