மூன்று தென்னைகளுக்காக நான் எழுதிய ஆட்சேபணை

ஓய்வுபெற்ற அரசாங்க உத்தியோகத்தனுக்கு யாரும் கடிதம் அனுப்பக் கூடாது. அனுப்பினால் அவன் பதில் எழுதுவான். இதைக் கண்டுபிடித்தவள் என் மனைவி. கண்டுபிடிக்கக் காரணமாக இருந்தவன் நான்.

மன்னாரிலும் புத்தளத்திலுமாக அரசாங்கக் கச்சேரியில் முப்பத்துநாலு வருடம் மற்றவர்களுடைய கோவைகளில் பிழை பிடித்துவிட்டு, பாலாவியில் என் வீட்டில் சும்மா இருந்த காலம் அது. யுத்தம் முடிந்து, ஒழுங்கை ஒழுங்கையாக மின்கம்பம் நட்டுக்கொண்டிருந்தார்கள். ஒரு நாள் எனக்கும் அறிவித்தல் வந்தது. பக்கத்து வளவுக்குப் போகும் மின்கம்பி என் காணியின் ஓரத்துக்கு மேலால் செல்லும். அதற்காக வேலியோரத்து மூன்று தென்னைகளைத் தறிக்க வேண்டும். ஆட்சேபணை இருந்தால் பிரதேச செயலகத்துக்கு எழுத்தில் தெரிவிக்கலாம்.

'எழுத்தில்' என்ற சொல்லைக் கண்டதும் நெஞ்சு படபடத்தது. (கலியாணத்தன்று இவ்வளவு படபடக்கவில்லை. இதை மனைவி வாசிக்கமாட்டாள் என்று நம்புகிறேன்.)

பக்கத்து வளவில் இருந்தவர் சம்சியா. எங்களைப் போலவே தொண்ணூறில் மன்னாரிலிருந்து முஸ்லிம்களை விரட்டியபோது உடுத்த உடுப்போடு வந்தவர். தையல்தான் பிழைப்பு. ஒழுங்கையில் மின்சாரம் இல்லாத ஒரே வீடு அவருடையது.

"நானா, அந்த மூணு மரத்தையும் தறிக்க விடுங்களேன். மெஷினுக்கு மோட்டர் பூட்டினா என்ட முழங்காலாவது தப்பும்" என்று வேலிக்கு அப்பால் நின்று கேட்டார்.

"தங்கச்சி, இது மரம் சம்பந்தமான விஷயமல்ல. நடைமுறை சம்பந்தமான விஷயம்" என்றேன். (இப்படிப் பேசிய வாயை அன்றைக்கே யாராவது பொத்தியிருக்கலாம்.)

பதினொரு பக்கத்தில் ஆட்சேபணை எழுதினேன். ஏழு இணைப்புகள். மரத்துக்கு ஒன்றாக மூன்று புகைப்படங்கள். ஒன்றில் நான் மரத்தைக் கட்டிப்பிடித்தபடி நிற்கிறேன்.

"மூணு மரத்துக்குப் பதினொரு பக்கமா?" என்றாள் மனைவி. "உங்கட வாப்பா மௌத்தான நேரம் ஒரு வரித் தந்திதானே அனுப்பினீங்க?"

விசாரணைக்கு வந்த உத்தியோகத்தர் இளம் பெண். தென்னை நிழலில் எங்கள் கதிரையில் உட்கார்ந்து, தேத்தண்ணீர் குடித்தபடியே பதினொரு பக்கத்தையும் பொறுமையாகப் புரட்டினார்.

"சேர், கம்பத்தைக் கொஞ்சம் தள்ளி நட்டா ரெண்டு மரம் தப்பும். ஒண்டுதான் போகும். அவங்களுக்கும் லைட் கிடைக்கும். சரிதானே?"

"ஓம் எண்டு சொல்லுங்க" என்றாள் மனைவி, குசினி வாசலிலிருந்து.

நான் எழுந்து நின்றேன். "மிஸ், எல்லையை அளக்காமல் முடிவு சொன்னால் அது மேன்முறையீட்டில் நிற்காது. காணி வரைபடம் நான்காவது இணைப்பாக இருக்கிறது. அளக்கும்படி கோருகிறேன்."

அவர் பெருமூச்சு விட்டுக்கொண்டு எழுதிக்கொண்டார்.

அடுத்த கிழமை நில அளவையாளர் வந்தார். எனக்குக் கால் நிலத்தில் படவில்லை. மண்ணுக்குள் புதைந்திருந்த எல்லைக்கல்லை நானே தோண்டி எடுத்தேன். அளவுநாடாவின் ஒரு நுனியை நானே பிடித்தேன். மிஸ்ஸும் சம்சியாவும் பார்த்துக்கொண்டிருக்க, நாடா என் வளவைக் கடந்து வேலியை நோக்கிப் போனது. வேலிக்கு வருமுன்னே, தென்னைகளுக்கும் வருமுன்னே, நின்றுவிட்டது.

"சேர், உங்கட காணி இதோட முடியுது."

திரும்ப அளக்கச் சொன்னேன். மூன்று தரம் அளந்தார். மூன்று தரமும் காணி அதே இடத்தில்தான் முடிந்தது. வந்த புதிதில், தலைக்கு மேல் கூரை கிடைத்தால் போதும் என்றிருந்த நாட்களில், இரண்டு குடும்பமும் சேர்ந்து, அளக்காமல் கண் மட்டத்துக்குக் கிடுகு வேலி போட்டிருந்தோம். அதற்குப் பிறகு வேலியைத்தான் எல்லை என்று நம்பினோம். ஊருக்கெல்லாம் வரைபடத்தை வாசித்துக் காட்டிய நான், என்னுடையதை ஒருநாளும் தரையில் வைத்துப் பார்க்கவில்லை.

ஆக, மின்கம்பி என் காணிக்கு மேலால் போகவே இல்லை. ஆட்சேபிக்க எனக்கு உரிமையில்லை என்பதை ஏழு இணைப்புகளோடு நானே நிரூபித்திருந்தேன்.

சம்சியா மரங்களை அண்ணாந்து பார்த்தார். "அப்ப இது என்ட மரமா, நானா?"

"வரைபடத்தின்படி... ஓம்."

"இவ்வளவு காலமும் என்ட தேங்காயிலதான் சம்பல் அரைச்சிருக்கீங்க" என்றவர், மிஸ் பக்கம் திரும்பி, "மூணையும் தறிக்கச் சொல்லுங்க, மிஸ். எனக்கு ஆட்சேபணை இல்ல" என்றார். பிறகு அவர் பார்வை மெதுவாக எங்கள் குளியலறைப் பக்கம் நகர்ந்தது. அதன் பாதி நாடாவுக்கு அந்தப் பக்கம் நின்றது.

"அதுக்கு ஒரு கடிதம் தாங்க நானா. யோசிச்சுச் சொல்றன்."

என் வாழ்க்கையிலேயே பணிவான கடிதம் அதுதான். ஐந்தே வரி, இணைப்பு எதுவுமில்லை. சம்சியா இரண்டு கிழமை யோசித்தார். அதுவரை அவருடைய காணியில் நின்று சவர்க்காரம் போட்டு, என்னுடைய காணிக்கு வந்து தண்ணீர் ஊற்றிக்கொண்டேன். கடைசியில் மின்சாரம் வந்த அன்று, புது மோட்டர் மெஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருக்க, அந்தச் சத்தத்துக்கு மேலால் கத்திச் சொன்னார்: "பயப்படாமக் குளிங்க, நானா!" உண்மையைச் சொன்னால், அந்த மெஷின் ஓடுவதைப் பார்க்க முதல் ஆளாக ஓடிப்போனவனும் நான்தான்.

இன்றைக்கும் பெருநாளைக்கு மகள்மார் இரண்டு பேரும் வீட்டுக்கு வந்து வட்டிலப்பம் பங்கு போடும்போது, தன் துண்டு சின்னது என்று இளையவள் முறைப்பாடு செய்வாள்.

"இரு, வாப்பாவைக் கூப்பிடுறன். அளந்து தருவார்" என்பாள் மூத்தவள்.

இளையவள் கோப்பையைக் கையால் மறைத்துக்கொண்டு, மறுபேச்சில்லாமல் சாப்பிடத் தொடங்கிவிடுவாள்.