பாலத்தார் நடித்த ரஷ்யப் படம்

ரஷ்யப் படங்களைப் பாலத்தாரைப் போலக் கவனமாகப் பார்த்த மனிதர் ரஷ்யாவிலேயே கிடையாது என்று எந்தக் கோவிலிலும் கற்பூரம் அடித்துச் சத்தியம் செய்வேன். இருபது வருடங்களில் சில நூறு படங்கள் பார்த்திருப்பார். அவற்றில் ஒன்றின் கதையும் அவருக்குத் தெரியாது.

"கதையை ஆர் பாத்தது? நான் பின்னுக்கு என்ன தெரியுது எண்டெல்லோ பாக்கிறன்" என்பார்.

ரொறன்ரோவின் வோபர்ன் பகுதியில் நாங்கள் ஒரே அடுக்குமாடிக் கட்டடத்தில் இருந்தோம். நான் நாலாம் மாடி, அவர் ஒன்பதாம் மாடி. அவருக்கு வேலை மிசிசாகாவில், ஒரு களஞ்சியத்தில் பாரம் தூக்கும் போர்க்லிஃப்ட் ஓட்டுவது. ஞாயிற்றுக்கிழமை பின்னேரங்களில் கட்டடத்தின் பார்ட்டி ரூமை எடுத்து, சுவரில் ஒரு பெட்ஷீட்டைக் கட்டி, சென் பீற்றர்ஸ்பேர்க் நகரத்தில் எடுத்த படங்களைப் போட்டுக் காட்டுவார். மொஸ்கோவில் எடுத்த படம் என்றால் தொடவும் மாட்டார். நாங்கள் ஏழெட்டுப் பேர் தவறாமல் போவோம். கலையார்வம் என்று யாரும் தப்பாக நினைக்க வேண்டாம். அவருடைய மனைவி சறோ அக்கா சுடச்சுட மட்டன் ரோல்ஸ் கொண்டுவருவார்.

பாலத்தாருக்கு அந்த நகரத்தில் அப்படி என்ன பிடிப்பு என்றால், கனடாவுக்கு வரும் வழியில் அவர் ஏழு மாதம் அங்கே மாட்டுப்பட்டுக் கிடந்தார். தொண்ணூறுகளில், காசு வாங்கி ஆட்களைக் களவாக வெளிநாட்டுக்கு அனுப்பும் ஏஜென்சிக்காரன் பதினொரு பெடியன்களை ஒரு வாய்க்கால் ஓரத்து வீட்டில், இரண்டு அறைக்குள் அடைத்து வைத்திருந்தான். இன்றைக்கு அனுப்புகிறேன், நாளைக்கு அனுப்புகிறேன் என்று பனிக்காலம் முழுவதும் போய்விட்டது. எல்லாருக்கும் ஒரே நாளில், ஒரே கடையில், ஒரே அளவில், ஒரே மண்ணிறக் கோட்டும் காதை மூடும் தொப்பியும் வாங்கிக் கொடுத்தான். வெளியே போனால் தலையைக் குனிந்து நட, ஒருவருடைய முகத்தையும் பார்க்காதே, எங்கேயும் நிற்காதே என்பது அவன் போட்ட சட்டம்.

ஒருநாள் பதினொரு பேரும் பேக்கரியில் பாண் வாங்கப் போனார்கள். வழியில் ஒரு சின்ன நடைபாலம். அதன் நாலு மூலையிலும் நாலு வெள்ளைச் சிங்கங்கள் இருந்து, பாலத்தின் இரும்புக் கம்பிகளை வாயால் கவ்விப் பிடித்திருக்கும். அங்கே கமராவும் ஆட்களுமாக ஏதோ நடந்துகொண்டிருந்தது. ஒரு பெண் ஓடிவந்து "போ, போ" என்று கை காட்டினாள். இவர்கள் பொலிஸ் என்று நினைத்துத் தலையைக் குனிந்துகொண்டு விறுவிறென்று பாலத்தைக் கடந்தார்கள். கடந்து முடிய அவள் திரும்பவும் ஓடிவந்து பழைய இடத்துக்குப் போகச் சொன்னாள்.

"மூண்டு தரம் நடந்தனாங்கள் தம்பி. பிடிச்சுக்கொண்டு போகப்போறாங்கள் எண்டு நெஞ்சு பக்குப்பக்கெண்டுது. கடைசியில தேத்தண்ணியும் கோவா இலை வைச்ச பணிஸும் தந்தாங்கள். அப்பதான் விளங்கினது, படம் எடுத்திருக்கிறாங்கள்."

ஒருவருக்கும் தெரியக்கூடாது என்று ஒளித்து வைத்த பதினொரு பேரும் இப்படித்தான் ரஷ்ய சினிமாவில் புகுந்தார்கள். படத்தின் பெயர் தெரியாது. கதாநாயகி சிவப்புச் சால்வை போட்டிருந்தாள் என்பது மட்டும் தெரியும். அந்தப் படத்தைத்தான் அவர் இருபது வருடங்களாகத் தேடினார். ஒருவரும் நம்பவில்லை. நம்பாதவர்களில் முதல் ஆள் நான். பாலத்தார் என்ற பெயரை வைத்ததும் நான்தான்.

வடக்கு ரொறன்ரோவில் ஒரு ரஷ்யப் பலசரக்குக் கடையில் பழைய டிவிடிகள் குவிந்து கிடக்கும். இவருக்கு ரஷ்யன் வாசிக்கத் தெரியாது. அட்டையில் பாலம் இருந்தால் வாங்கிவிடுவார். அப்படி வாங்கிய ஒன்று பொறியியல் மாணவர்களுக்கான பாடப்படம். பாலத்துக்குத் தூண் எப்படி இறக்குவது என்பதை ஒரு கிழவர் கரும்பலகையில் கீறிக் கீறி இரண்டு மணித்தியாலம் விளங்கப்படுத்தினார். கடைசியிலாவது ஒரு பாலம் வரும் என்று எங்களை எழும்ப விடவில்லை. பாலம் வரவில்லை. அன்றைக்கு மட்டும் நான் ஆறு ரோல்ஸ் சாப்பிட்டேன்.

மொழிபெயர்ப்பும் அவர்தான். பாண், தேத்தண்ணி, கெதியாய், பிரச்சினையில்லை ஆகிய நாலு சொற்கள்தான் அவருடைய மொத்த ரஷ்யன். ஒரு யுத்தப் படத்தில் தாய் ஒருத்தி மகனின் உடலைக் கட்டிப்பிடித்துக் கதறுகிறாள். நாங்கள் கண்ணைத் துடைக்கிறோம். இவர் எழும்பி, "தேத்தண்ணி ஆறுது, கெதியா வா எண்டு சொல்லுறாள்" என்றார்.

கதாநாயகர்களைக் கண்டால் அவருக்கு ஆகாது. வாய்க்கால், அதற்குப் பின்னால் மஞ்சள் மாளிகை, அதற்கும் பின்னால் பொன்முலாம் பூசிய கோபுரம் என்று காட்சி விரியும்போது குறுக்கே ஒருவன் வந்து நின்று காதல் பேசுவான். "தள்ளி நில்லடா" என்று பெட்ஷீட்டைப் பார்த்துச் சத்தம் போடுவார். ஒரு துப்பறியும் படத்தில் கள்ளன் ஒரு வாசலால் நுழைந்து அடுத்த நிமிடம் ஆற்றங்கரைக் கோட்டைக்குப் பக்கத்தில் வெளியே வந்தான். பாலத்தார் படத்தை நிறுத்திவிட்டார்.

"உந்த வாசலால உள்ளுக்குப் போனால் குப்பை வாளிதான் இருக்கும். அங்கையிருந்து கோட்டைக்கு அரை மணித்தியாலம் நடக்க வேணும். எங்கட கெனடி ஸ்ரேசனில ஏறினவன் அடுத்த ஸ்டொப்பில அந்தத் தொங்கலில இருக்கிற மிசிசாகாவில இறங்கினால் நீங்கள் விடுவியளோ?"

ஆனால் அந்தப் படங்களைப் பற்றி அவர் சொன்ன ஒன்றை நான் இன்றைக்கும் மறுக்க மாட்டேன். "உந்த நகரத்தில படம் எடுக்கிறவனுக்குக் கதை ஏன்? ராவில கப்பல் போகப் பாலத்தைத் தூக்கினால் காதலர் பிரிவினம், இறக்கினால் சேருவினம். மிச்சத்தை வெளிச்சம் பாத்துக்கொள்ளும்" என்றார். காசு கொடுத்துச் சினிமா படித்தவர்கள்கூட இவ்வளவு தெளிவாகச் சொல்லி நான் கேட்டதில்லை.

ரொறன்ரோவில் அவருக்கு இருந்த ஒரே மனக்குறையும் சினிமா சம்பந்தமானதுதான். "எங்கட ரொறன்ரோவைப் பாரும். எந்தப் படத்தில வந்தாலும் நியூயோர்க் எண்டு பொய்ப் பேரில நடிக்குது. பீற்றர்ஸ்பேர்க் எப்பவும் தன்ர பேரிலதான் நடிக்கும்."

"அண்ணை, உங்கட நகரம் எத்தினை தரம் பேர் மாத்தினது?" என்று மடக்கினேன்.

 "பொய்ப் பேரில திரிஞ்சது நாங்கள்தான் தம்பி" என்றார். ஏஜென்சிக்காரன் கொடுத்த பாஸ்போர்ட்டில் இருந்தது யாரோ ஒருவரின் பெயர். அதையும் பிறகு பறித்துவிட்டான். கடிதம் எழுதக்கூடாது, புகைப்படம் எடுக்கக்கூடாது. கூட இருந்த பத்துப் பேரும் திசைக்கொருவராகப் போய்த் தொடர்பு விட்டுப்போயிற்று. தன் சொந்தப் பெயரில் அந்த ஏழு மாதமும் அவர் எங்கே இருந்தார் என்பதற்கு ஒரு துண்டுக் கடதாசிகூட உலகத்தில் இல்லை. நான் அன்றைக்கு மடக்கியிருக்க வேண்டாம்.

என்னை விட மோசமானவன் சறோ அக்காவின் தம்பி ரவி. கலியாண வீடுகளில் "விலத்துங்கோ, ரஷ்ய நடிகர் வாறார்" என்று சத்தமாகச் சொல்லுவான். சனம் சிரிக்கும். பாலத்தாரும் சிரிப்பார். சறோ அக்கா சிரிக்க மாட்டார். புருஷனையும் திட்ட மாட்டார், தம்பியையும் தடுக்க மாட்டார். அவருக்குப் புருஷனோடு இருந்த சண்டை வேறு. எங்கே போனாலும் பாலத்தார் நடுவழியில் நின்று வாய் திறந்தபடி அண்ணாந்து பார்ப்பார். கடைத்தொகுதி, கோவில் கோபுரம், வெள்ளைக் கோடு போட்ட வீதிக் கடவை, எதுவானாலும் சரி. கார்கள் ஹோர்ன் அடிக்கும். அக்கா கையைப் பிடித்து இழுத்து, "வாயை மூடிக்கொண்டு நடவுங்கோ" என்பார்.

ரவி பக்கத்து மார்க்கம் நகரத்தில் பெரிய வீடு வாங்கினான். புதுமனை குடிபூரலுக்கு அறுபது பேர். மத்தியானச் சாப்பாடு முடிந்து எல்லாரும் பேஸ்மென்ரில் சுவரளவு ரிவிக்கு முன்னால் இருந்தபோது, பாலத்தார் எழும்பி, "படம் கிடைச்சிட்டுது" என்றார்.

இணையத்தில் யாரோ ஏற்றியிருந்த பழைய படம். அட்டையில் பாலம் இல்லை, பூனை இருந்தது. அதனால்தான் இத்தனை வருடம் கண்ணில் படவில்லையாம். முழுவதும் இன்னும் பார்க்கவில்லை, சிவப்புச் சால்வை வந்ததும் நிறுத்திவிட்டேன், எல்லாரோடும் சேர்ந்து பார்க்கத்தான் வைத்திருக்கிறேன் என்றார்.

"அத்தான், அதில நீங்கள் இல்லாட்டி?" என்றான் ரவி.

"இல்லாட்டி இண்டையோட ரஷ்யா எண்ட சொல்லை வாயில எடுக்கமாட்டன்."

 இருபது வருடங்களாக அந்த வாய் மூடாதா என்று கேலி செய்தவன் நான். இப்போது படத்தில் அவர் இருக்க வேண்டுமே என்று நல்லூர்க் கந்தனிடம் நேர்ந்துகொண்டேன்.

படம் ஓடியது. சிவப்புச் சால்வைக்காரி பனிக்குள் நின்று அழுகிறாள். பின்னால் நாலு வெள்ளைச் சிங்கங்கள். பாலத்தில் மண்ணிறக் கோட்டுகள் வரிசையாக வருகின்றன. பாலத்தார் படத்தை நிறுத்தினார். 

ஆட்கள் இருந்தார்கள். பதினொரு பேரையும் நான் எண்ணினேன். ஆனால் ஒரே கோட்டு, ஒரே தொப்பி, பதினொரு தலையும் நிலத்தைப் பார்த்தபடி. ஏஜென்சிக்காரனின் சட்டத்தை அவ்வளவு ஒழுங்காகக் கடைப்பிடித்திருந்தார்கள்.

"முன்னுக்குப் போறது நான்" என்றார் பாலத்தார்.

"முகம் தெரியேல்லையே அத்தான். உதை நான்தான் எண்டு நானும் சொல்லலாம்" என்றான் ரவி. இந்தமுறை அவன் கேலியாகச் சொல்லவில்லை. அதனால் இன்னும் மோசமாக இருந்தது. பாலத்தார் ரிமோட்டைப் பிடித்த கையை மெல்லக் கீழே இறக்கினார். அவருடைய முகத்தை நான் பார்க்கவில்லை. பார்க்கத் துணிவு வரவில்லை.

படிக்கட்டில் ரோல்ஸ் தட்டோடு நின்ற சறோ அக்கா, "ஏன் நிப்பாட்டினீங்கள்? ஓடவிடுங்கோ" என்றார்.

ஓடியது. கோட்டுகள் விறுவிறென்று பாலத்தைக் கடக்கின்றன. நடுவில் வந்த ஒரு கோட்டு மட்டும் சிங்கத்துக்குப் பக்கத்தில் நின்றுவிட்டது. அண்ணாந்து சிங்கத்தைப் பார்க்கிறது. தொப்பி முகத்தை முக்கால்வாசி மறைக்கிறது. வாய் திறந்திருக்கிறது. பின்னால் வந்தவன் போய் மோதுகிறான்.

"நிப்பாட்டுங்கோ" என்றார் அக்கா. தட்டை என் மடியில் வைத்துவிட்டு ரிவிக்குக் கிட்டப் போய் விரலை வைத்தார். "உதுதான் இவர்."

"இல்லையப்பா, நான் முன்னுக்குத்தான்..."

"கதையாதேங்கோ. இருவத்தைஞ்சு வரிசமா உந்த வாயைத்தானே மூடச் சொல்லிக்கொண்டிருக்கிறன். எனக்குத் தெரியாதே?"

ரவிதான் முதலில் கைதட்டினான். பிறகு அறுபது பேரும் தட்டினார்கள். அக்கா மட்டும் விரலை எடுக்காமல் நின்றார். குரல் உடைந்துவிட்டது.

"நிக்காதேங்கோ எண்டு ஏஜென்சிக்காரன் சொன்னவன்தானே. பொலிஸ் கண்டு திருப்பி அனுப்பியிருந்தால் நான் ஆரைக் கட்டியிருப்பன்?"

 பாலத்தார் அண்ணாந்து ரிவியைப் பார்த்துக்கொண்டு நின்றார். வாய் திறந்திருந்தது.

ஞாயிற்றுக்கிழமைப் படங்கள் அதோடு முடிந்துவிட்டன என்று நினைத்தால் உங்களுக்கு அவரைத் தெரியாது. மூன்று தரம் நடந்தார்களாம், மற்ற இரண்டு நடையையும் வேறு எந்தப் படத்திலாவது ஒட்டியிருப்பார்கள் என்று இப்போது தேடுகிறார். ஒன்பதாம் மாடி வீட்டில், கலியாணப் படத்துக்குப் பக்கத்தில், அந்தக் காட்சியைச் சறோ அக்கா பெருப்பித்து மாட்டியிருக்கிறார். அழுத கதாநாயகியை வெட்டி எடுத்துவிட்டார். குறுக்கே நிற்கிறாளாம். மண்ணிறக் கோட்டும் சிங்கமும் மட்டும் இருக்கின்றன. முகம் சரியாகத் தெரியாதுதான். ஆனாலும் ஆயிரம் பேர் அதே கோட்டோடு நடந்து வந்தாலும், இனி அவரை எனக்கும் தெரியும்.