மெசின்காரரின் சாட்சி

திருகோணமலை மாவட்டத்தைச் சல்லடை போட்டுத் தேடினாலும், "தெரியாது" என்று சொல்ல வராத ஒரே மனிதர் கிளிவெட்டி மெசின்காரராகத்தான் இருந்திருப்பார். சண்டைக் காலத்தில் நாங்கள் எல்லோரும் அந்தச் சொல்லை வைத்துத்தான் சீவித்தோம். யார் கேட்டாலும், எதைக் கேட்டாலும், தெரியாது. இவருக்கு மட்டும் அது வாயில் வராது. ஒருமுறை சென்றிக் காவலரணில், இந்தப் பக்கம் யார் போனது என்று ஆமிக்காரர் கேட்க, தபால்காரர் போனதில் தொடங்கி, அவர் பெண்சாதியின் மூட்டுவலி, அதற்குப் பூசிய எண்ணெய் என்று போய்க்கொண்டே இருந்தாராம். கடைசியில் அவர்களே கும்பிட்டு அனுப்பிவைத்தார்கள் என்பது ஊர்க்கதை.

உழவு இயந்திரத்தை எங்கள் பக்கம் மெசின் என்போம். அந்த வட்டாரத்தில் உருப்படியாக மிஞ்சியிருந்தது அவருடைய மெசின் ஒன்றுதான். வீட்டுக்குள் படுத்திருந்தபடியே சத்தத்தைக் கேட்டு, அது எந்த வாய்க்காலைத் தாண்டுகிறது என்று சொல்வார். சரியா பிழையா என்று ஒருவரும் போய்ப் பார்த்ததில்லை.

அந்த மெசினைத்தான் பொலிஸ் பிடித்தது. அவர் ஈச்சிலம்பற்றில் ஒரு கலியாணவீட்டுக்குப் போயிருந்த நேரம், தங்கச்சியின் மகன் சாவி இல்லாமலே கம்பிகளை முடிந்து மெசினைக் கிளப்பி, பெர்மிட் இல்லாமல் ஆற்றில் மணல் அள்ளப் போய் அகப்பட்டான். குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டமும் கட்டிவிட்டான். மெசினை அரசாங்கம் எடுப்பதா, திருப்பிக் கொடுப்பதா என்ற விசாரணை மட்டும் மிச்சம். மாரி தொடங்கப் போகிறது. மெசின் வராவிட்டால் அந்தப் பக்கத்து வயலெல்லாம் அந்தப் போகம் தரிசுதான்.

வழக்கு என்னிடம் வந்ததற்குக் காரணம், மற்றச் சட்டத்தரணிகளுக்கெல்லாம், ஊர் வாயில் அப்புக்காத்துகளுக்கெல்லாம், வேலை இருந்தது. எனக்கு இருந்தது ஓர் இரவல் கறுப்புக் கோட்டு. அதன் கை என் விரல்களையும் மூடும். அதுவரை நான் வென்றிருந்த ஒரே வழக்கு, எதிராளி வராததால் வென்றது.

சட்டம் என்னவோ எங்கள் பக்கம். களவாக மணல் ஏற்றிய வாகனத்தை அரசாங்கம் எடுக்கலாம். ஆனால் அது சொந்தக்காரருக்குத் தெரியாமல் நடந்திருந்து, நடக்காமலிருக்கத் தன்னால் ஆனதை அவர் செய்தும் இருந்தால், எடுக்க முடியாது. மெசின்காரரோ திறப்பை, அதுதான் மெசின் சாவியை, இடுப்புக் கயிற்றில் கட்டிக்கொண்டு கலியாணத்துக்குப் போனவர். அவர் கூண்டில் ஏறி ஒரு சொல் சொன்னால் போதும். மிச்சத்தை நான் பேசி முழங்குவதென்று அலுமாரிக் கண்ணாடிக்கு முன்னால் நின்று பழகினேன். கண்ணாடி ஒரு ஆட்சேபமும் தெரிவிக்கவில்லை.

வழக்கன்று மூதூர் லோஞ்சிப் படகில் அரைவாசி ஊர் திருகோணமலைக்கு வந்து இறங்கியது. எல்லோரும் உழவுக்குக் காத்திருந்தவர்கள். மெசின்காரர் கூண்டில் ஏறினார். நான் கோட்டுக் கையை மேலே தள்ளிவிட்டு, மெசின் ஆற்றுக்குப் போனது உங்களுக்குத் தெரியுமா என்று கேட்டேன்.

அவர் சனத்தைப் பார்த்தார். பிறகு, கேட்கக்கூடாததைக் கேட்டவனைப் பார்ப்பதுபோல என்னைப் பார்த்தார்.

"எனக்குத் தெரியாமல் என்ர மெசின் அசையுமே, தம்பி?"

எதிர்த்தரப்புப் பொலிஸ்காரர் முதன்முறையாக என்னைப் பார்த்து அன்பாகச் சிரித்தார். நான் சிறிது அவகாசம் கேட்டேன். என் கோட்டைப் பார்த்து இரங்கியோ என்னவோ, நீதவான் தந்தார்.

அதையாவது தெரியாது என்பாரென்று, வெளியே விறாந்தையில் வைத்துச் சட்டத்தை இங்கிலீசில் சொன்னேன். அதுவும் தனக்குத் தெரியும் என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

"அண்ணை, தெரியுமெண்டால் மெசின் அரசாங்கத்துக்கு. தெரியாதெண்டால் உங்களுக்கு. அவ்வளவுதான்."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். "சனமெல்லாம் இருக்குது, தம்பி. அதுகளுக்கு முன்னால எப்பிடிச் சொல்லுறது?"

"அதுகள் உழவுக்குத்தான் இருக்குதுகள், அண்ணை."

திரும்பவும் கூண்டில் ஏறினார். இடுப்பிலிருந்து திறப்பை அவிழ்த்துக் கூண்டின் விளிம்பில் வைத்தார். "நான் அண்டைக்குக் கலியாணவீட்டில பந்தியில இருந்தனான், ஐயா. மெசின் போனது எனக்குத் தெரியாது." குரல் எழும்பவில்லை. நீதவானுக்குக் கேட்கவில்லை, திரும்பச் சொல்லச் சொன்னார். மனிதர் இரண்டாம் முறையும் சொன்னார். நான் எழுந்து முழங்கத் தொடங்க, போதும், இரும் என்றார் நீதவான். மெசின் சொந்தக்காரரிடம் போகலாம் என்று கட்டளை வந்தது.

வெளியே வந்தபோது அவர் முகத்தில் வென்ற களை இல்லை. கூட்டத்திலிருந்து ஒருவர், என்ன மெசின்காரர், உங்களுக்கே தெரியாதாமே என்று கேட்டார். நாலு பேர் சிரித்தார்கள். அவர் குனிந்து செருப்பைத் தேடினார். எனக்குத் தாங்கவில்லை.

"அவருக்கு எல்லாம் தெரியும். மெசினை மீட்கிறதுக்கு நான்தான் பொய் சொல்லச் சொன்னனான்" என்றேன்.

சொன்ன பிறகுதான், பக்கத்தில் பொலிஸ் நிற்கிறதா என்று திரும்பிப் பார்த்தேன். சனம் உடனே நம்பிவிட்டது. என் முகத்தைப் பார்த்த ஒருவருக்காவது சந்தேகம் வந்திருக்கலாம், வரவில்லை. மெசின்காரர் மெல்லத் தலையை நிமிர்த்தினார். என் தோளில் கையைப் போட்டுக்கொண்டு, "தம்பி சின்னப்பெடியன், விடுங்கோ. அவரில பிழையில்லை" என்று எனக்காக மன்றாடினார்.

அன்று முதல் கிளிவெட்டியில் எனக்குப் பொய்க்கார அப்புக்காத்து என்று பெயர். அந்தப் பெயரை மாற்ற நான் ஒருநாளும் முயன்றதில்லை. அந்த மனிதரில் எனக்கு அவ்வளவு விருப்பம்.