பயாஸ் ஃபைலும் ஆறிப்போன கறிக்குழம்பும்

தெரியாததைத் தெரியாது என்று சொல்ல எனக்கு வாய் வராது. அதுவும் தலைதீபாவளிக்குப் போன மாப்பிள்ளை சொல்வானா?

மாமனார் வீடு இலுப்பூரில். குவைத்தில் இருந்தபோது அவர் வாங்கிவந்த வீடியோ கேம் மெஷின் டிவிக்குக் கீழே செத்துக் கிடந்தது. "லீவுக்கு வந்தா புள்ளைங்களோட இதுல கார் ரேஸ்தான் மாப்ளே" என்றார். அந்த முகத்தைப் பார்த்ததும் வாயை விட்டுவிட்டேன்.

"லேப்டாப்புல எமுலேட்டர் போட்டு ஓட்டிரலாம் மாமா. பத்தே நிமிஷம்." (லேப்டாப்பைப் பழைய கேம் மெஷின் மாதிரி நடிக்கவைக்கும் அந்த சாஃப்ட்வேரை நான் யூடியூபில் மட்டுமே பார்த்திருந்தேன்.)

எமுலேட்டர் வந்தது, கேம் வந்தது. ஆனால் பழைய மெஷினை எழுப்பிவிடும் பயாஸ் என்ற சின்ன ஃபைலும் வேண்டுமாம். அதையும் ஒரு நண்பனிடம் வாங்கி உள்ளே போட்டேன். 'பயாஸ் இல்லை' என்றது திரை.

மணி ஒன்று. "மாப்ளே, எலை போடட்டுங்களா?" என்றார் மாமியார்.

"ஓடுனதும் சாப்பிடுறேன் அத்தே" என்றேன், கெத்தாக.

மாப்பிள்ளை கை நனைக்காமல் அந்த வீட்டில் யாரும் சாப்பிட மாட்டார்கள் என்பது எனக்கு உறைக்கவே இல்லை. வந்திருந்த சொந்தம் பதினான்கு பேர். நான் எமுலேட்டரை மூன்று தடவை அழித்து, மூன்று தடவை போட்டேன். மனைவியின் பெரியம்மா சர்க்கரை மாத்திரையைக் கையில் வைத்துக்கொண்டு லேப்டாப்பை முறைத்துக்கொண்டிருந்தார். காலேஜ் படிக்கும் கொழுந்தியா நித்யா என் பின்னால் நின்று ஏதோ சொல்ல வாயெடுப்பாள். மாமியார் கண்ணாலேயே அடக்கிவிடுவார்.

மூன்றரைக்கு என் மனைவி வந்தாள். "ஏங்க, பெரியம்மாவுக்குக் கிறுகிறுன்னு வருதாம். நித்யா என்னமோ சொல்லணுங்குறா, கேளுங்களேன்."

நித்யா ஒரே மூச்சில் கொட்டினாள். "மச்சான், ஃபைலு ஃபோல்டருக்குள்ள இன்னொரு ஃபோல்டர்ல கெடக்கு. வெளிய எடுத்து வைங்க. ஒன்றரை மணிக்கே பாத்துட்டேன். மாப்பிள்ளையத் தப்புன்னு சொல்லக்கூடாதுன்னு அம்மா கிள்ளிட்டாங்க!"

எடுத்து வைத்தேன். அரை நிமிஷத்தில் கார்கள் உறுமின. "மாமா!" என்று பெருமையாகத் திரும்பினேன். ஹாலில் ஒருவரும் இல்லை. பெரியம்மாவின் கிறுகிறுப்பைச் சாக்கிட்டு எல்லோரும் பந்தியில், முதல் இலையில் மாமனார்.

கை கழுவிவிட்டு வந்தவர், இருட்டும்வரை சின்னப் பிள்ளை மாதிரி கார் ஓட்டினார். எனக்கு வெட்கமாகவும் இருந்தது, சந்தோஷமாகவும் இருந்தது. குழம்புதான் ஆறியிருந்தது.

அன்றோடு அந்த வீட்டு வழக்கம் மாறிவிட்டது. இப்போதெல்லாம் என் இலைதான் கடைசி. மாப்பிள்ளை சாப்பிடட்டும் என்று புதிதாக வந்தவர் யாராவது தயங்கினால், மாமியார் சிரிக்காமல் சொல்வார்: "நீங்க உக்காருங்க. மாப்ளே பயாஸ் போட்டுட்டு வருவாங்க."